தாய்மாமன் கூறு

பைக்குள்ள இருக்கது எலிப்பொறியா தம்பி? இல்ல, கம்பி வெளிய துருத்திக்கிட்டு இருக்கே, அதான் கேட்டேன். பயப்படாதீய, அதுக்குக் கேஸு கிடையாது. எலிக்குப் பொறி வைக்கலாம், ஒருத்தரும் ஒண்ணும் கேக்க மாட்டாவ. இன்னும் கொஞ்சம் நீளமா ஒரு கம்பிய எடுத்து, சுருக்குப் போட்டு, வயக்காட்டு ஓரத்துல பன்னி வார தடத்துல கட்டுனீயன்னு வைங்க, நீங்க குற்றவாளி. பன்னி விழணும்னு அவசியமே இல்ல. ஒண்ணும் விழாட்டாலும் கட்டுனதே குத்தம். நெறைய பேருக்கு இது தெரியாது. விழுந்தாத்தான கேஸுன்னு நெனச்சுக்கிட்டு இருக்கானுவ.

எனக்கு எப்படித் தெரியும்னு பாக்கீயளா. நான் பாரஸ்டு டிப்பார்ட்மெண்டுல வாச்சரு. வேட்டைத் தடுப்புக் காவலர்னு எழுத்துல போடுவாவ. பேரு ஆவுடையப்பன். காக்கிச் சட்ட உண்டு, ஆனா பெர்மனென்ட் கிடையாது. இந்தா ஆயிரும், அந்தா ஆயிரும்னு சொல்லிக்கிட்டே இருக்காவ. சொந்த ஊரு மேலப்பரும்பு, மலையடிவாரம். எங்க வேலையே கண்ணி பொறுக்குததுதான். காலையில காட்டு ஓரமா நடக்கணும். எங்கெங்க சுருக்குக் கம்பி கட்டியிருக்கானுவன்னு பாத்து, அவுத்து, கொண்டு போயி ஆபீஸ்ல போடணும். முக்காவாசி பைக்குல உள்ள கிளட்சு வயரு. மெக்கானிக் கடையில அறுந்ததத் தூக்கிப் போடுவான்லா, அதப் பொறுக்கிட்டு வந்து கட்டிருவானுவ.

இப்போ கோர்ட்டுக்குத்தான் போறேன். அப்படிப் பாக்காதீய தம்பி, நான் குற்றவாளி இல்ல. அரசுத் தரப்பு சாட்சி. குற்றவாளி என் மாப்பிள. கூடப்பொறந்த தங்கச்சி உலகம்மா வீட்டுக்காரரு, குத்தாலிங்கம்.

பாத்தீயளா, நீங்களும் மூஞ்சியத் திருப்புதீய. ஊரு பூராம் இப்படித்தான். டீக்கடைக்குப் போனா பெஞ்சு காலியாயிரும். தங்கச்சி புருசனையே புடிச்சுக் குடுத்தவன்னு. ஏன், சட்டத்துல தங்கச்சி புருசன் மட்டும் சுருக்குக் கட்டலாம்னு எழுதியிருக்கா? யாரா இருந்தாலும் சட்டம் ஒண்ணுதான?

கொஞ்சம் மெல்லப் பேசுதேன். அந்தா, டிரைவருக்குப் பின்னால ரெண்டாவது சீட்டு, பச்சச் சீல. அவதான் உலகம்மா. ஒரே ஸ்டாப்புலதான் ஏறுனோம். நீங்க ஏறுததுக்கு முன்ன இந்த எடம் காலியாத்தான் கெடந்துச்சு. அவளும் பாத்தா. பாத்துட்டு முன்னால போயிட்டா. மாப்பிள ஜாமீன்ல இருக்காரு, வக்கீலு கூட முன்னாலயே பைக்குல போயாச்சு. ஒரே வயித்துல பொறந்தவ, அவ அங்க, நான் இங்க. கோர்ட்டுல அவ ஒரு பக்கம், நான் ஒரு பக்கம்.

சுருக்குன்னா என்னன்னு ஒங்களுக்குத் தெரியாது தம்பி. எனக்குத் தெரியும். போன வருசம் ஒரு கரடி மாட்டிட்டு. பன்னிக்குன்னு எவனோ கட்டுனது. கரடிக்கு இடுப்புல விழுந்துட்டு. அது இழுக்க இழுக்கக் கம்பி உள்ள போவும். டாக்டர் வரணும், மயக்க ஊசி வரணும், அதுக்குள்ள மத்தியானம் ஆயிட்டு. அது போட்ட சத்தம் மனுசச் சத்தம் மாதிரி இருந்துச்சு. பக்கத்துப் புதருக்குள்ள குட்டி ஒண்ணு உக்காந்து பாத்துக்கிட்டே இருக்கு. நான் அன்னைக்கு அழுதேன். ஆபீசர் முன்னாலயே அழுதேன். கம்பிக்குப் பன்னி எது கரடி எதுன்னு தெரியுமா? அதனாலதான் சட்டம் போட்டிருக்கான். இத நான் எங்க வேணும்னாலும் சொல்லுவேன்.

என்னது? பன்னி வந்தா வெவசாயி என்ன செய்யணுமா?

மனுக் குடுக்கணும். ஆபீசர் வந்து பாப்பாரு. நட்டஈடு வரும். எப்பவா? வரும். வராம எங்க போவும்.

நீங்க கேக்கது எனக்குப் புரியுது. மாப்பிளயும் இதத்தான் கேட்டாரு. அவருக்குக் கடலைக்காடு. பன்னி ஒரு தடவ எறங்கிச்சுன்னா உழுது போட்ட மாதிரி ஆக்கிட்டுப் போயிரும். மனுசன் என்னதான் செய்யல? பழைய சீலயெல்லாம் சுத்திக் கட்டுனாரு, கலர் பாத்து ஒதுங்கும்னு. ஒதுங்கல. சலூன்ல வெட்டுன முடிய சாக்குல அள்ளிட்டு வந்து வரப்பு பூராம் தூவுனாரு, மோந்து பாக்கையில மூக்குல ஏறும்னு. மழை வந்துட்டு, முடி பூராம் ஓடையில போயிட்டு. காலி பாட்டில ஜோடி ஜோடியாக் கட்டித் தொங்க விட்டாரு, காத்துல சத்தம் வரும்னு. பன்னி அதுக்குக் கீழயே நின்னு கடலையத் தின்னுச்சு. கடைசியா என்கிட்டதான் வந்தாரு. மச்சான், ஒரு வழி சொல்லுங்க, மக கல்யாணம் இந்தக் கடலையிலதான் இருக்குன்னாரு. கண்ணுல தண்ணி நிக்குது அவருக்கு.

நான் என்ன செய்ய? வீட்டுல பொறுக்கிட்டு வந்த கம்பி கெடந்துச்சு. ஆபீஸ்ல போட வேண்டியதுதான். அன்னைக்கு ஆபீஸ் பூட்டிக் கெடந்துச்சு, வீட்டுக்குக் கொண்டாந்துட்டேன். தூக்கிக் குடுத்தேன். வேலி கட்டத்தான் குடுத்தேன் தம்பி. சுருக்குப் போடுங்கன்னு நான் வாயால சொல்லல. எந்த மரத்துல கட்டுனா தாங்கும்னு கேட்டாரு, சொன்னேன். வேலிக்கும் மரம் வேணும்லா. எந்தப் பக்கமா எறங்குதுன்னு கேட்டாரு, அதையும் சொன்னேன். பன்னி எறங்குத பக்கம் தெரிஞ்சாத்தான வேலி கட்ட முடியும்.

கோர்ட்டுல இதக் கேக்க மாட்டாவ. கேக்காதத நாமளாச் சொல்லக் கூடாது.

பன்னி விழ ஆரம்பிச்சுது. விழுந்தா எங்க பக்கம் ஒரு முறை உண்டு. தனியாத் திங்க மாட்டான் ஒருத்தனும். கூறு போட்டுத் தெருவுக்கே குடுத்துருவான். வெட்டுனவனுக்குத் தலை. மத்தது ஆளுக்கு ஒரு கூறு. ஈரல் மட்டும் தனி. வயலு பொண்ணு வழியில வந்த வயலா இருந்தா, ஈரல் பொண்ணோட அண்ணன் வீட்டுக்குப் போவணும். தாய்மாமன் கூறுன்னு பேரு. அந்தக் கடலைக்காடு எங்கப்பா உலகம்மாளுக்கு எழுதிக் குடுத்தது. அப்போ ஈரல் யாருக்கு வரணும்? நீங்களே சொல்லுங்க.

காக்கிச் சட்டக்காரன் வாங்கலாமான்னா கேக்கீய? வீடு தேடி வந்தத வேண்டாம்னு சொன்னா தங்கச்சி மனசு என்ன பாடுபடும்? சட்டம் வேற தம்பி, முறை வேற. நான் ரெண்டுக்கும் கட்டுப்பட்டவன். தேக்கு எலையில சுத்தி, தூக்குச்சட்டியில வச்சு, உலகம்மாதான் கொண்டாருவா. என் வீட்டுக்காரி வடிவு மொளகத் தட்டிப் போட்டு வறுப்பா. அது எந்தக் கம்பியில விழுந்த பன்னின்னு நான் கேட்டதே இல்ல. நாய் கடிச்சுப் போட்டிருக்கலாம். தானாச் செத்திருக்கலாம். கேட்டாத்தான தெரியும்.

இப்படி ஒழுங்காப் போயிக்கிட்டு இருந்துச்சு. ஐப்பசியிலதான் எல்லாம் கெட்டுது.

சஷ்டி வெரதம். வடிவு மொத நாள்லேருந்து தண்ணியும் பழமுமா இருக்கா. எதுக்கு வெரதம்னா, எனக்குப் பெர்மனென்ட் ஆகணும்னுதான். திருச்செந்தூருக்கு நேந்துக்கிட்டு இருக்கா. நான் சாயங்காலம் ட்யூட்டி முடிஞ்சு தெருவுக்குள்ள வாரேன், வாசம் தூக்குது. ஒரு வீடு இல்ல, ரெண்டு வீடு இல்ல. வெரதம் இல்லாத வீட்டுல எல்லாம் பன்னிக்கறி கொதிக்கு. நல்ல பெரிய பன்னி போலன்னு நெனச்சுக்கிட்டே வீட்டுக்கு வந்தா, எங்க அடுப்புல ரசம்.

உலகம்மா வீட்டுலேருந்து ஆளு வந்துச்சான்னு வடிவுகிட்ட கேட்டேன். அவ ஒண்ணும் சொல்லல. முருகன் படத்தப் பாத்துத் திரும்பி உக்காந்துக்கிட்டா. ஒண்ணும் சொல்லலன்னா வரலன்னுதான அர்த்தம்?

எனக்குக் கறி பெருசு இல்ல தம்பி. நான் கறிக்கு அலையுத ஆளு இல்ல. முறைன்னு ஒண்ணு இருக்குல்லா. வீட்டுல வெரதம்னு எனக்குத் தெரியாதா? கொண்டாந்து குடுக்க வேண்டாம். அண்ணே, ஒனக்கு உள்ளத எடுத்து வச்சிருக்கேன்னு ஒரு வார்த்த சொல்லலாம்லா? சட்டையக் கழத்தாமலே டீக்கடைக்குப் போனேன். கடைக்காரன் பல்லக் குத்திக்கிட்டு நிக்கான். "என்ன ஆவுடையப்பண்ணே, ஈரல் எப்படி இருந்துச்சு?"ன்னு கேக்கான். நாலு பேரு பாக்கானுவ. என்னத்தச் சொல்ல? நல்லா இருந்துச்சுன்னேன். டீய அப்படியே வச்சுட்டு எந்திரிச்சேன். எங்கப்பா குடுத்த வயலு, நான் குடுத்த கம்பி, தெருவே திங்குது, எனக்கு மட்டும் இல்ல.

அங்கேருந்து நேரா ரேஞ்சர் ஆபீஸுக்குப் போயிட்டேன்.

அந்தக் கரடி ஞாபகம் வந்துட்டு எனக்கு. அதான் போனேன். எத்தன நாளைக்குத்தான் பாத்துக்கிட்டு இருக்க முடியும்? நான் போட்டுக் குடுக்கலாம்னு போவல. ரேஞ்சர் கேட்டாரு, சொன்னேன். அதாவது, அவரு கேக்கல. என்னப்பா இந்நேரத்துலன்னு கேட்டாரு. அது கேட்ட மாதிரிதான. சுருக்கு கட்டுனத நீ கண்ணால பாத்தியான்னாரு. பாக்காமயா சார் சொல்லுவேன்னு சொன்னேன். அப்படியே எழுதி வாங்கிக்கிட்டாரு.

மறுநாள் காலையில ஜீப்பு வந்துட்டு. நானும் கூடப் போனேன். போகாம இருக்க முடியாது, ட்யூட்டி. காட்டுல கம்பியப் புடிச்சாச்சு, மரத்துல கட்டுனபடி கெடந்துச்சு. ஆனா அது அவரு கட்டுனதுதான்னு காட்டணும்னா வீட்டுல ஏதாவது கெடைக்கணும்லா. வீடு பூராம் தேடுதாவ, ஒண்ணும் இல்ல. கூறு போட்டுக் குடுத்து முடிஞ்சுட்டு. அவிய தின்ன சட்டியும் கழுவிக் கவுத்தியாச்சு. தோலு, முடி எல்லாம் எங்கயோ போட்டாச்சு. பாரஸ்டர் என்னப் பாத்து ஒதட்டப் பிதுக்குதாரு. என்னப்பா, பெரிசாச் சொன்ன, ஒண்ணும் இல்லியேங்காரு. எனக்கு மானம் போவுது. மாப்பிள கையக் கெட்டிக்கிட்டு நிக்காரு. உலகம்மா மக பிரம்மசக்தி மூலையில நின்னு அழுதுக்கிட்டு இருக்கா.

பரணுல பாத்தீயளா சார்னேன்.

எங்கம்மா உப்புக்கண்டம் போட்டா பரணுலதான் வைப்பா, அடுப்புக்கு நேர மேல, புகை படுத எடமாப் பாத்து. உலகம்மாளுக்கும் அந்தப் பழக்கந்தான். நான் சொன்னபடியே இருந்துச்சு. மண்சட்டி, வெள்ளத்துணி வச்சு வாயக் கட்டியிருக்கு. அவுத்தா மஞ்சளும் உப்பும் போட்டுப் பெரட்டி வச்ச ஈரல். கூடக் கொஞ்சம் நெஞ்சுக்கறி.

அப்போ உலகம்மா ஒண்ணு சொன்னா பாருங்க. எனக்கு இன்னைக்கும் அது பொறுக்கல.

"ஐயா, அத மட்டும் எடுக்காதீய. அது எங்க அண்ணனுக்கு உள்ளது. மதினி வெரதம்னு திருப்பி அனுப்பிட்டா. சூரசங்காரம் முடிஞ்சு குடுக்கணும்னு வச்சிருக்கேன்."

எல்லாரும் என்னத் திரும்பிப் பாக்காவ. பாரஸ்டர் பாக்காரு, டிரைவர் பாக்கான், வாசல்ல நின்ன ஊரு பூராம் பாக்கு. இவ வேணும்னுதான் சொன்னா தம்பி. ஆபீசர் முன்னால, அத்தன பேரு முன்னால, என்னையும் சேத்து உள்ள இழுக்கணும்னு. சார், இந்தம்மா என்ன மாட்டிவிடப் பாக்கான்னு நான் சொல்லிட்டேன். பின்ன என்ன செய்யச் சொல்லுதீய? பாரஸ்டர் சிரிச்சாரு. சிரிச்சுட்டு அந்தச் சட்டியத்தான் சீல் வச்சு எடுத்துட்டுப் போனாரு. பன்னிதான்னு பரிசோதன பண்ணிச் சீட்டு வந்திருக்கு. கேஸுக்கு இப்போ இருக்கது கம்பியும் அந்த ஈரலுந்தான். வேற சாமான் ஒண்ணும் கெடைக்கல.

வீட்டுக்கு வந்து வடிவக் கேட்டேன். ஆமா, காலையிலயே தூக்குச்சட்டியோட வந்தா, வாசல்லயே நிறுத்தித் திருப்பி அனுப்பிட்டேன்னு சொல்லுதா. ஏம்ளா எங்கிட்டச் சொல்லலன்னு கேட்டா, வெரதத்துல வாயால அந்தப் பேச்சு எடுக்கக் கூடாதுன்னு இருந்துட்டேங்கா. இத என்ன செய்ய? எனக்குப் பெர்மனென்ட் ஆகணும்னு வாயக் கட்டிக்கிட்டு இருந்திருக்கா. அந்த வெரதத்துக்கு இதுவரைக்கும் ஒரு பலனும் இல்ல.

அப்பவே ரேஞ்சர்கிட்டப் போயிச் சொல்லியிருக்கலாம்ங்கீயளா? என்னன்னு சொல்ல? ஈரல் வந்துருக்கு சார், எனக்குத் தெரியாமப் போச்சு, கேஸத் திருப்பிக் குடுங்கன்னா? எழுதுனது எழுதுனதுதான்.

மாப்பிள உள்ள இருந்துட்டு வந்தாரு. அவரு உள்ள இருந்தப்போ காட்டப் பாக்க ஆளு இல்ல. கடலை பூராம் பன்னிக்குப் போச்சு. பிரம்மசக்திக்குப் பேசி வச்ச கல்யாணம், தீர்ப்பு வரட்டும்னு மாப்பிள்ள வீட்டுக்காரன் நிறுத்தி வச்சிருக்கான். அந்தப் பிள்ளைக்குக் காது குத்தயில என் மடியிலதான் உக்காந்திருந்தா. சடங்குக்குப் பட்டு நான்தான் எடுத்தேன். இப்போ ரோட்டுல என்னக் கண்டா எதுத்த பக்கம் போயிருதா. எனக்கு வலிக்காதா தம்பி? வலிக்கு.

போன வாரம் வடிவுகிட்ட வந்து உலகம்மா சொல்லிட்டுப் போயிருக்கா. வக்கீலு சொன்னாராம். கட்டுனத நான் கண்ணால பாக்கலன்னு ஒரு வார்த்த கூண்டுல சொன்னாப் போதும், கேஸு நிக்காதாம். கம்பி அவரு காட்டுல இருந்துச்சுங்கதால மட்டும் அவரு கட்டுனதுன்னு ஆயிராதாம். அத அண்ணங்கிட்டச் சொல்லுங்க மதினின்னு அழுதாளாம்.

நெசத்துக்கு நான் பாக்கலதான். அவரு கட்டும்போது நான் அங்க இல்ல. மாத்திச் சொன்னா வேலைக்கு வெனை வரும், அதுவும் தெரியும். அப்போ ஏன் பாத்தேன்னு எழுதிக் குடுத்தேன்னு கேப்பாவ. அது கெடக்கட்டும். வேல போனாப் போவுது. எனக்கு வேல பெருசு இல்ல. ஒண்ணே ஒண்ணுதான். வடிவுகிட்ட எதுக்குச் சொல்லணும்? நான் என்ன செத்தா போயிட்டேன்? எங்கிட்ட வந்து அண்ணேன்னு ஒரு வார்த்த கூப்பிடட்டும். கால்ல விழ வேண்டாம், அழ வேண்டாம். அண்ணேன்னு வாயால ஒரு தடவ கூப்பிட்டாப் போதும் தம்பி, நான் பாக்கலன்னு சொல்லிருதேன். இன்னைக்கு இந்த பஸ்ஸுல ஏறும்போது அதத்தான் மனசுல வச்சுக்கிட்டு ஏறுனேன். இந்த எடத்த அவளுக்குன்னுதான் காலியா வச்சிருந்தேன். நீங்க கேட்டீய, சரின்னு விட்டுட்டேன்.

ரயில் கேட்டு தாண்டியாச்சா? பேச்சுல ஒண்ணும் தெரியல. இன்னும் கொஞ்ச தூரந்தான்.

பாருங்க, ஒரு தடவ திரும்பிப் பாக்காளா பாருங்க. கல்லு மாதிரி இருக்கா. எங்கப்பா குணம். சின்னப் பிள்ளையில என் தோள்லதான் குத்தாலத்துக்குப் போவா. நடக்க மாட்டேன்னு உக்காந்துருவா ரோட்டுல. இப்போ அவளுக்குப் புருசன்தான் பெருசு. சரி, இருக்கட்டும். அவளுக்கு அந்த வீம்புன்னா எனக்கும் இருக்கு.

இல்ல தம்பி, அது கோர்ட்டு ஸ்டாப்பு இல்ல, பெரிய ஆஸ்பத்திரி. கோர்ட்டு அடுத்தது. நீங்க வீட்டுக்குப் போயி அந்தப் பொறியில தேங்காச் சில்லு வைக்காதீய, கருவாட்டுத் தல வைங்க. நெருப்புல லேசாக் காட்டிட்டு வைக்கணும். வாசத்துக்குத்தான் எலி வரும். வாசந்தான் எதையும் இழுத்துக்கிட்டு வரும்.

என்ன? யாரு?

ஆங்... சரி, சரி. எறங்குதேன்.

பாத்தீயளா தம்பி? நீங்களும் கேட்டீயள்லா? எந்திரிச்சு இங்க வரைக்கும் வந்தா, பக்கத்துல நின்னா, "அண்ணே, கோர்ட்டு வந்துட்டு, எறங்கு"ன்னு சொல்லிட்டு விறுவிறுன்னு எறங்கிப் போயிட்டா. வேற ஒரு வார்த்த சொன்னாளா? மன்னிச்சுக்கோன்னு சொன்னாளா? எடுத்து வச்சிருந்தத அன்னைக்கே எங்கிட்டச் சொல்லாதது தப்புன்னு சொன்னாளா? ஸ்டாப்பு வந்துட்டாம், எறங்கணுமாம். எனக்கு ஸ்டாப்பு தெரியாதாக்கும்.

இவளுக்குப் போயி நான் மனசு எறங்கலாம்னு இருந்தேன் பாருங்க. அவளுக்காக நான் எதுக்கு வேலைய விடணும்?

கொஞ்சம் காலை ஒதுக்குங்க, நேரமாச்சு. கூண்டுல ஏறி, நான் கண்ணால பாத்ததச் சொல்லணும்.